ஆனே தோ

இந்திப் படத்து அப்பாக்களுக்கு
மகள் காரில் ஏறும்போதுதான் அழுகை வரும்.
அதுவரை மாடிப்படியின் உச்சியில் நிற்பார்கள்,
கையைப் பின்னால் கட்டி,
சால்வையில் ஒரு மடிப்புக்கூடக் கலையாமல்.
பிறகு ஷெனாய்.
மகள் திரும்பிப் பார்க்காமல்
அரிசியை அள்ளித் தலைக்கு மேலே பின்னால் எறிவாள்.
அம்மா முந்தானை விரித்து ஏந்திக்கொள்வாள்.

எங்கள் அப்பா அந்த இடத்தில்
டிவி சத்தத்தைக் குறைப்பார்.
"அரிசி என்ன விலை விக்குது" என்பார்.

அவருக்கு இந்தி தெரியும்.
இருபத்தாறு வருஷம்
செவ்வாய்ப்பேட்டையில் ஜவ்வரிசி ஏற்றி
நாக்பூர், இந்தோர் என்று இறக்கி வந்தவர்.
ஆனால் அது செக்போஸ்ட் இந்தி,
டயர்க்கடை இந்தி:
எவ்வளவு, எப்போது, இன்னும் கொஞ்சம் முன்னால்,
ஐயா விட்டுடுங்க.

படத்து அப்பா மகளின் முகத்தைக் கையில் ஏந்தி
நீளமாக ஏதோ சொல்லும்போது
நானும் பரிமளாவும் கேட்போம், "என்னப்பா சொல்றாரு?"
திரையையே பார்ப்பார்.
"சும்மா... பொண்ணப் பத்தி."

ஒருமுறை விரதம் இருந்த கதாநாயகி
தட்டில் வெள்ளையாக எதையோ கிளறிக்கொண்டிருந்தாள்.
அப்பா சேரிலிருந்து எழுந்தேவிட்டார்.
"நம்ம ஜவ்வரிசி! நான் ஏத்துனது!"
அவள் தன் அப்பாவோடு சண்டை போட்டுவிட்டு
அழுதுகொண்டே தின்றாள்.
எங்கள் அப்பா
அவள் தின்று முடிக்கும்வரை பார்த்துக்கொண்டிருந்தார்.

அப்புறம் படங்கள் மாறின.
சால்வை போய் டீ-ஷர்ட் வந்தது.
அப்பாவும் மகளும் பால்கனியில் பியர் குடித்தார்கள்.
பழைய அப்பா தலைப்பாகையைக் கழற்றிச்
சம்பந்தியின் காலடியில் வைத்தார்.
புது அப்பா மகளுக்கு பைக் ஓட்டக் கற்றுத் தந்தார்.
இரண்டு பேருக்குமே
நன்றாகப் பேச வந்தது.

என் கல்யாணத்தன்று அப்பா
சமையல்காரரோடு இலைக் கணக்கில் இருந்தார்.
கார் கிளம்பும்போது வந்தார்.
பின் டயரில் காற்று இருக்கிறதா என்று
காலால் உதைத்துப் பார்த்தார்.
அவ்வளவுதான்.

நாலு வருஷம்.
ஓசூரில், இரண்டாவது மாடி.
அதை இங்கே எழுதப்போவதில்லை.

எத்தனையோ படம் பார்த்துவிட்டேன்.
மகள் திரும்பி வருகிற காட்சிக்கு
யாரும் ஷெனாய் வாசித்து நான் கேட்டதில்லை.
வந்தால் ராத்திரியில் வருவாள், மழையில் வருவாள்.
கதவு பாதி திறக்கும்.
அப்பா நெஞ்சைப் பிடித்துக்கொள்வார்.

நான் பகல் பதினோரு மணிக்கு வந்தேன்.
ஓமலூர் தாண்டியதும் போன் போட்டேன்:
டெம்போவில் பிரிட்ஜ் இருக்கு, பீரோ இருக்கு,
நம்ம சந்துக்குள்ள வராதுப்பா.
அவர் கேட்டது ஒன்றே ஒன்று.
"தொப்பூர் எறக்கத்துல எந்த கியர்ல வந்தான்?"

குகையில் எங்கள் சந்து
ஒரு மின்கம்பத்துக்கும் ஒரு சாக்கடைக்கும் நடுவே நுழைவது.
எல்லா வாசலிலும் ஆள்.
எதிர்வீட்டு ராஜாமணி அக்கா
இடுப்புக் குடத்தை இறக்காமலே நின்றாள்.
அப்பா பனியன், லுங்கியோடு
நடுச்சந்தில் இறங்கினார்.
வலது கையைத் தலைக்கு மேலே தூக்கினார்.

ஆனே தோ.

சின்னப் பையன் டிரைவர் கண்ணாடியில் பார்த்தான்.

ஆனே தோ, ஆனே தோ.

நாக்பூர் குடோன் வாசலில் எப்படிக் கத்தியிருப்பாரோ
அப்படி, தெரு முழுக்கக் கேட்க.
லெஃப்ட்ல ஒடி. ராஜாமணி, தள்ளி நில்லு. ஆனே தோ.
என் நாலு வருஷத்தை ஏற்றிக்கொண்டு
டெம்போ பின்பக்கமாக, அங்குலம் அங்குலமாக
வீட்டைப் பார்த்து வந்துகொண்டிருந்தது.

அதற்கு அர்த்தம் கேட்கவில்லை.
சின்ன வயசிலேயே சொல்லியிருக்கிறார்:
வரட்டும். வர விடு.

சக்கரம் படியைத் தொடும் முன்
டெம்போவின் முதுகில் இரண்டு தட்டு தட்டினார்.
நின்றது.
தார்ப்பாயை விலக்கிப் பார்த்தார்.
பீரோவில் சாவி தொங்கிக்கொண்டிருந்தது.
"சாவிய அதுலயே விட்டுட்டா லோடு ஏத்துவாங்க?"
என்றார்.